லங்கர்: நங்கூரமும் பந்தியும்

சீக்கியர்களின் கோயிலான குருத்வாராவுக்குப் போகிற யாருக்கும், எந்த மதத்தவராக இருந்தாலும், காசு வாங்காமல் சாப்பாடு போடுவார்கள். அதற்கு லங்கர் என்று பெயர். தமிழ்ச் செய்திகளில் இதை ‘அன்னதானம்’ என்று எழுதிவிடுகிறார்கள். படிக்கும்போதெல்லாம் எனக்கு உறுத்தும்.

லங்கர் ஒரு பெர்சியச் சொல். கப்பலை நிறுத்தும் நங்கூரத்துக்கு அங்கே அதுதான் பெயர். தெலுங்கில் இன்றும் ‘லங்கரு’. நம் ‘நங்கூரம்’ கூட அதன் திரிபுதான் என்பார்கள். ஏழைகளுக்கும் வழிப்போக்கர்களுக்கும் சோறு போடும் சத்திரத்தையும் பெர்சியர்கள் லங்கர் என்றே சொன்னார்கள். அலைந்து வருகிறவன் கரை ஒதுங்கும் இடம் என்பதால் அந்தப் பெயர் என்று விளக்குவோர் உண்டு. கேட்க அழகாக இருக்கிறது. அந்த அழகினாலேயே எனக்குக் கொஞ்சம் சந்தேகம். எப்படியோ, இஸ்லாமிய ஞானிகளான சூஃபிகளின் மடத்துச் சமையற்கட்டு வழியாக இந்தச் சொல் வட இந்தியாவில் பரவியது. அஜ்மீர் தர்காவில் இன்றும் லங்கர் உண்டு.

சீக்கியர்களிடம் வந்தபோது சொல் அப்படியே இருந்தது, பொருள்தான் நகர்ந்தது. சீக்கிய மதத்தைத் தொடங்கிய முதல் குரு நானக்கின் (1469–1539) போதனையை மூன்று வரியில் சொல்வார்கள்: கிரத் கரோ, நாம் ஜப்போ, வண்ட் ச்சக்கோ. உழைத்துச் சம்பாதி, இறைவன் பெயரை நினை, பகிர்ந்து சாப்பிடு. மூன்றாவதற்குப் ‘பகுத்துண்ணல்’ என்று நம்மிடம் பழைய சொல்லே இருக்கிறது. இதற்கெல்லாம் அடியில் இருப்பது ‘இக் ஓங்கார்’, அதாவது இறைவன் ஒன்றே. அந்த ‘இக்’கை எழுத்தில்கூட எழுதுவதில்லை, 1 என்று எண்ணாகவே போடுகிறார்கள். கடவுள் ஒன்று என்றால் அவர் முன் உட்காருகிறவர்களில் மேல் கீழ் எங்கிருந்து வரும்?

அதனால் லங்கரில் சோற்றைவிட உட்காரும் விதம் முக்கியம். வரிசையாகத் தரையில்தான் உட்கார வேண்டும். அந்த வரிசைக்குப் ‘பங்கத்’ என்று பெயர். வடமொழிப் ‘பங்க்தி’யிலிருந்து வந்தது, நம் ‘பந்தி’யும் அதே வேர்தான். மூன்றாம் குரு அமர்தாஸ், ‘முதலில் பங்கத், அப்புறம் சங்கத்’ என்று விதி வைத்தார். சங்கத் என்றால் குருவின் முன் கூடும் சபை. தன்னைப் பார்க்க வருகிறவர் முதலில் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டாக வேண்டும். அவர் இருந்த ஊரான கோயிந்த்வாலுக்கு வந்த அக்பரும் அப்படித்தான் உட்கார்ந்தார் என்பது சீக்கிய மரபு. அமர்தாஸுக்கும் முன்பே, இரண்டாம் குரு அங்கதின் மனைவி மாதா கீவி லங்கரை நடத்தியிருக்கிறார். அவர் பரிமாறிய நெய் சேர்த்த பாயசம் சீக்கியர்களின் புனித நூலான குரு கிரந்த் சாகிபிலேயே பாடப்பட்டிருக்கிறது. வேத நூலில் பாயசத்துக்கு இடம் கொடுத்த மதம் எனக்குப் பிடித்துப்போனதில் ஆச்சரியமில்லை.

தலையை மூடிக்கொண்டு, பாயில் சம்மணமிட்டு உட்காருவோம். ரொட்டி கொண்டு வருபவர் அதைத் தட்டில் போடமாட்டார். இரண்டு கையையும் ஏந்தி வாங்கிக்கொள்ள வேண்டும். ரொட்டி என்றுகூடச் சொல்வதில்லை, ‘பர்ஷாதா’. பக்கத்துப் பாயில் யார் என்று யாரும் கேட்பதில்லை. சாப்பிட்டு எழுந்தவரே அடுத்த பந்திக்குப் பருப்பு வாளியைத் தூக்கலாம், பாத்திரம் தேய்க்கலாம், அதுதான் சேவை. அமிர்தசரஸ் பொற்கோயிலில் தினமும் ஐம்பதாயிரம் பேருக்கு மேல் சாப்பிடுகிறார்கள் என்றால், இப்படி வந்து கை கொடுப்பவர்களால்தான். இறைச்சி கிடையாது. யாருக்கும் ஒத்துக்கொள்ளும் சாப்பாடாக இருக்க வேண்டுமே.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘தானம்’ என்றாலே கொடுப்பவர் கை மேலே, வாங்குபவர் கை கீழே. லங்கரில் பணக்காரரும் அதே பாயில் உட்கார்ந்து கை ஏந்துகிறார். ‘தருமச்சாலை’ நல்ல சொல்தான், ஆனால் அது பசித்து வருகிறவரை நினைத்து வைத்த பெயர். லங்கருக்குப் பசிதான் தகுதி என்றில்லை. ‘சமபந்தி’ மிக நெருங்கி வருகிறது. ஒரு குறை, அது உட்காருவதை மட்டும் சொல்கிறது. லங்கர் என்பது சமையற்கூடத்துக்கும் அங்கே கிடைக்கும் உணவுக்கும் சேர்த்தே பெயர். அதனால் நான் எழுதும்போது லங்கர் என்றே எழுதி, முதல் இடத்தில் மட்டும் ‘சமபந்திச் சாப்பாடு’ என்று விளக்கிவிடுவேன்.