மலைக்குப் போகாமலே மலையை அளந்த கதை

பாலக்காட்டுப் பக்கம் கொழிஞ்சாம்பாறையில் எங்கள் வயல் வரப்பில் நின்று தெற்கே பார்த்தால் நெல்லியாம்பதி மலை நீலமாகத் தெரியும். அது எவ்வளவு தூரம்? நடந்து போகாமல் எப்படிச் சொல்வது?

இந்தக் கேள்வி ஒரு காலத்தில் படைகளுக்கு உயிர்ப் பிரச்சினை. மேற்குத் தொடர்ச்சி மலையில் பீரங்கி வண்டி சுலபமாகப் போகிற இடைவெளி பாலக்காட்டுக் கணவாய்தான். 1766இல் ஹைதர் அலி பாலக்காட்டில் கோட்டை கட்டியதும், 1783இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் கர்னல் ஃபுல்லர்டன் படையோடு வந்து அதைப் பிடித்ததும் அதனால்தான்.

அன்றைய கம்பெனிப் படைகள் பாதையை அளந்தது ஒரு சக்கரத்தை வைத்து. ஓர் ஆள் அதைத் தள்ளிக்கொண்டே நடப்பார். எத்தனை சுற்று என்று பார்த்தால் தூரம் தெரியும். திசைக்குக் காந்த ஊசி. ஆனால் சக்கரம் மேடு பள்ளம், வளைவு எல்லாவற்றையும் சேர்த்துத்தான் கணக்குக் காட்டும். அந்தப் பிழை போகப் போகக் கூடும். தவிர, பாதைக்கு அப்பால் இருப்பதை அது தொடவே தொடாது.

முக்கோணம் தொடும். வரப்பில் 100 மீட்டர் இடைவெளியில் இரண்டு பனைமரங்கள் இருப்பதாக வைத்துக்கொள்வோம். முதல் பனையிலிருந்து பார்க்கும்போது எதிரே ஒரு பாறை வரப்புக்குச் சரியாக 90 டிகிரியில் தெரிகிறது. இரண்டாவது பனையிலிருந்து 84.3 டிகிரி. சரி, ஒரு பக்கமும் இரண்டு கோணமும் கிடைத்துவிட்டன. பாறை முதல் பனையிலிருந்து ஏறக்குறைய 1,000 மீட்டர். இரண்டாவது கோணத்தை ஒரே ஒரு டிகிரி கூட்டி 85.3 என்று படித்துவிட்டால்? விடை 1,200 மீட்டரையும் தாண்டிவிடும்!

அதனால்தான் வில்லியம் லாம்டன் கோணத்தைத் துல்லியமாக அளக்கும் தியோடலைட் என்ற அரை டன் கருவியைச் சுமக்க வைத்தார். ஸ்ரீரங்கப்பட்டினப் போரில் கலந்துகொண்ட ராணுவ அதிகாரி அவர். 1802 ஏப்ரலில் சென்னை பரங்கிமலை அருகே சுமார் 12 கிலோமீட்டர் நீளத்துக்கு ஓர் அடிக்கோட்டை, அதாவது முதல் முக்கோணத்தின் ஒரு பக்கத்தை, 100 அடி எஃகுச் சங்கிலியால் அளக்கத் தொடங்கினார். எஃகு வெயிலில் நீளும். 10 டிகிரி சூடு ஏறினால் அந்த 12 கிலோமீட்டரில் ஒரு மீட்டருக்கு மேல் பிசகும். சங்கிலியை மரப்பெட்டிகளில் கிடத்தி, கூடாரம் போட்டு நிழல் கொடுத்து, தெர்மாமீட்டரும் வைத்தார்கள். அந்தப் பொறுமையை நினைக்கும்போதெல்லாம் எனக்குக் கை கூப்பத் தோன்றும்.

1808இல் தஞ்சைப் பெரிய கோயில்மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து அந்தத் தியோடலைட் சுவரில் மோதிச் சிதைந்தது. லாம்டன் அதை வாரக்கணக்கில் உட்கார்ந்து தானே சரிசெய்தார். அப்புறம் முக்கோணத்தின் பக்கத்தில் இன்னொரு முக்கோணமாகத் தென்னாடு முழுக்க வலை பரவியது.

வார்டு, கான்னர் என்ற இரண்டு லெப்டினன்டுகள் 1816 முதல் 1820 வரை திருவிதாங்கூரையும் கொச்சியையும் அளந்தார்கள். எங்கள் சித்தூர்ப் பகுதி அப்போது கொச்சி ராஜ்யத்தில் இருந்தது.