பிஎச்.டி. முடிச்சாச்சு, இன்க்ரிமென்ட் எங்க சார்?

சர்வீஸ் மேட்டர் பாக்குற வக்கீல்ங்கிறதால எய்டட் காலேஜ் ஆசிரியருங்க இந்த ஒரு ஃபைலோட அடிக்கடி வருவாங்க. வேலை பாத்துக்கிட்டே வருஷக்கணக்கா ராத்திரி முழிச்சு தீசிஸ் எழுதி வைவா முடிச்சிருப்பாங்க, காலேஜ்ல சால்வை போட்டு போட்டோ எடுத்து வாட்ஸப் குரூப்ல போட்டிருப்பாங்க, ஆனா பே ஸ்லிப்ல ஒத்த ரூபா ஏறியிருக்காது. ஜே.டி. (கல்லூரிக் கல்வி இணை இயக்குநர்) ஆபீஸ்ல கேட்டா "ஆடிட் அப்ஜெக்‌ஷன் வரும் சார்"னு ஒரே பதில்.

நான் மொதல்ல கேக்குறது தேதிதான். ஏன்னா எந்த தேதில டிகிரி வாங்குனீங்களோ அதை வச்சுதான் எந்த ரூல் உங்களுக்கு பொருந்தும்னே சொல்ல முடியும். 1998ல வந்த யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) சம்பள ஸ்கீம்ல, வேலைக்கு சேரும்போதே பிஎச்.டி. இருந்தா 4 இன்க்ரிமென்ட், வேலைல இருக்கும்போது முடிச்சா 2. அப்புறம் 31.12.2008 மத்திய அரசு கடிதமும் 2010 யுஜிசி ரெகுலேஷனும் அதை 5, 3னு ஆக்குச்சு. சம்பளம் 1.1.2006ல இருந்து, ஆனா இந்த இன்க்ரிமென்ட் மட்டும் 1.9.2008ல இருந்துதான், இதை கவனிக்காம 2006ல இருந்து அரியர்ஸ் கேட்டு மனு போடுறவங்க உண்டு. 2.11.2017ல வந்த ஏழாவது ஊதியக்குழு கடிதம் இனிமே பிஎச்.டி.க்கு தனி இன்க்ரிமென்டே கிடையாது, அதான் சிஏஎஸ்ங்கிற பதவி உயர்வு திட்டத்துல சீக்கிரம் மேல போறீங்களேன்னு சொல்லிடுச்சு, அடுத்த ஜூலைலயே 2018 ரெகுலேஷன்ல திரும்ப கொண்டு வந்தாங்க. நடுவுல மாட்டுனவங்க பாடு திண்டாட்டம். இதுக்கு மேல, யுஜிசி சொன்னா அப்படியே எங்களை கட்டுப்படுத்தாது, நாங்க ஜி.ஓ. போட்டு ஏத்துக்கிட்டதுதான்னு மாநில அரசு வாதாடும், 2015ல கல்யாணி மதிவாணன் கேஸ்ல உச்ச நீதிமன்றம் சொன்னதை எடுத்து வைப்பாங்க. அதனால யுஜிசி புக்கை மட்டும் தூக்கிட்டு வராதீங்க, ஜி.ஓ.வும் வேணும்.

தொகை சின்னதுதானேன்னு விடுறவங்க கணக்கு போட்டு பாருங்க. ஆறாவது ஊதியக்குழுல ஆரம்ப சம்பளம் 15,600, கூட ஏஜிபி (ஆசிரியர் தர ஊதியம்) 6,000, ஆக 21,600. அதுல 3 சதவீதம் 648, மூணு இன்க்ரிமென்ட்டுக்கு 1,944, அதுக்கு மேல டி.ஏ.வும் உண்டு. ஏழாவது ஊதியக்குழுக்கு மாறுற 2016 ஃபிக்ஸேஷன்ல, அதாவது புது சம்பளத்தை நிர்ணயிக்கும்போது, அதையும் சேத்து 2.57ஆல பெருக்குவாங்க, கடைசில பென்ஷன் வரைக்கும் கூடவே வரும்.

ஆபீஸ்ல சொல்ற தடைகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான். காமர்ஸ் எடுக்குற ஒரு மேடம் மேனேஜ்மென்ட்ல பிஎச்.டி. பண்ணியிருந்தாங்க, "சம்பந்தப்பட்ட பாடம் இல்ல"ன்னு ஒரே வரில திருப்பி அனுப்பிட்டாங்க. அவங்க தீசிஸ் தலைப்பு முழுக்க வங்கிக் கடன் பத்தி, அதை அவங்க எடுக்குற சிலபஸ் பக்கத்துல வச்சு பாக்கணும்னு யாருக்கும் தோணல. பல்கலைக்கழகத்துல இருந்து ஒரு லெட்டர் வாங்கி வச்சிருந்தா வேலை பாதி முடிஞ்சிருக்கும். இன்னொன்னு கோர்ஸ் ஒர்க், அதாவது பிஎச்.டி.க்குள்ளயே படிச்சு பாஸ் பண்ண வேண்டிய பாடங்கள். யுஜிசியோட பிஎச்.டி. ரெகுலேஷன் வந்தது 11.7.2009ல, அதுக்கு முன்னாடி ரெஜிஸ்டர் பண்ணவங்க கிட்டயும் கோர்ஸ் ஒர்க் சர்டிபிகேட் கேப்பாங்க, உங்க ரெஜிஸ்ட்ரேஷன் ஆர்டரை பத்திரமா வைங்க. முன் அனுமதி வாங்குன கடிதம், வைவா நடந்த தேதி, ப்ரொவிஷனல், எல்லாம் எஸ்.ஆர்.ல (பணிப் பதிவேட்டுல) ஏறியிருக்கான்னு ஒரு தடவை நேர்ல போய் பாத்துடுங்க.

இப்ப முக்கியமான விஷயம், தாமதம். நிறைய பேர் மனு மேல மனு குடுத்துட்டே இருப்பாங்க, பத்து வருஷம் கழிச்சு ஹைகோர்ட்ல ரிட் மனு போட்டு "பரிசீலிச்சு 12 வாரத்துல முடிவு எடுங்க"ன்னு ஒரு ஆர்டர் வாங்கிட்டு ஜெயிச்சுட்டோம்னு ஸ்வீட் குடுப்பாங்க. அது ஜெயிச்ச ஆர்டர் இல்லைங்க. பரிசீலிச்சு முடியாதுன்னு ஆபீஸ் பதில் குடுக்கும், நீங்க திரும்ப ரிட் போடணும், அப்ப பழைய கோரிக்கைக்கு புதுசா உயிர் வந்துடாதுன்னு 2008ல சி.ஜேக்கப் கேஸ்ல உச்ச நீதிமன்றம் சொன்னது குறுக்க வந்து நிக்கும், அதுவும் நம்ம தமிழ்நாட்டுல இருந்து போன கேஸ்தான். சம்பள விஷயம் மாசாமாசம் தொடர்ற பாதிப்பு, அதனால கேஸே போடக்கூடாதுன்னு ஆகாது, ஆனா தர்சேம் சிங் தீர்ப்புப்படி அரியர்ஸ் பொதுவா கேஸ் போட்டதுக்கு முந்தின மூணு வருஷத்துக்குதான். மத்த வருஷம் போனது போனதுதான்.

குடுத்த இன்க்ரிமென்ட்டை திருப்பி பிடிக்கிறது இன்னும் கொடுமை. யார்கிட்ட எல்லாம் அப்படி பிடிக்கக்கூடாதுன்னு உச்ச நீதிமன்றம் பட்டியல் போட்ட ரஃபிக் மசி தீர்ப்பு பத்தி நிறைய பேருக்கு தெரியும், ஆனா அதுல சி, டி பிரிவு ஊழியர்னு சொன்னது காலேஜ் ஆசிரியருக்கு உதவாது, ரிட்டயர் ஆனவங்க, ஒரு வருஷத்துக்குள்ள ரிட்டயர் ஆகப்போறவங்க, அஞ்சு வருஷத்துக்கு மேல வாங்கிட்டு இருந்தவங்க, இதுல நீங்க வர்றீங்களான்னு பாக்கணும். 2022ல தாமஸ் டேனியல் கேஸ்ல ரிட்டயர் ஆன கேரள ஆசிரியர் கிட்ட பிடிக்கக்கூடாதுன்னுட்டாங்க. ஆனா கூடுதலா வந்தா திருப்பித் தர்றேன்னு ஃபிக்ஸேஷன் அப்ப உறுதிமொழி கையெழுத்து போட்டிருந்தா 2016 ஜக்தேவ் சிங் தீர்ப்பு உங்களுக்கு எதிரா நிக்கும். நோட்டீஸ் வந்தா மொதல்ல அந்த உறுதிமொழி நகலை கேட்டு வாங்கிட்டு எழுத்துல பதில் குடுங்க. பயந்துபோய் "தவணைல பிடிச்சுக்கோங்க"ன்னு எழுதிக் குடுத்துட்டு என்கிட்ட வந்தா, அந்த லெட்டருக்கும் சேத்துதான் நான் கோர்ட்ல பதில் சொல்லணும்.