விரலை அமுக்கிப் பார்த்து எண் போடுகிறார்களே, எதற்கு? முடக்குவாத சிகிச்சை விதிகள் உருவாகும் கதை

ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் நடந்த டிகோரா என்ற ஆய்வு 2004இல் லான்செட் மருத்துவ இதழில் வெளியானது. முடக்குவாதம், நம்மூரில் பலர் சரவாங்கி என்று சொல்வது, வந்து ஐந்து வருடத்துக்குள் இருந்த சுமார் 110 பேரை இரண்டு பிரிவாகப் பிரித்தார்கள். முதல் பிரிவுக்கு வழக்கமான வைத்தியம்தான். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வருவார்கள், டாக்டர் பார்த்துவிட்டுத் தனக்குத் தோன்றியபடி மருந்தைக் கூட்டுவார் அல்லது அப்படியே விடுவார். இரண்டாவது பிரிவை மாதாமாதம் வரச் சொல்லி, மூட்டு மூட்டாக எண்ணி, நோயின் வேகத்தை ஓர் எண்ணாகக் கணக்கிட்டார்கள். அந்த எண் 2.4ஐத் தாண்டினால் மருந்தைக் கூட்டியே ஆக வேண்டும், ‘இன்னும் கொஞ்ச நாள் பார்க்கலாம்’ என்ற பேச்சே கிடையாது. 18 மாதம் கழித்துப் பார்த்தால் வழக்கமான பிரிவில் நோய் அடங்கியவர்கள் 16 சதவீதம், எண்ணிப் பார்த்த பிரிவில் 65 சதவீதம். விலை உயர்ந்த புது மருந்து எதுவும் இதில் இல்லை, இரண்டு பக்கமும் அதே பழைய மருந்துகள்தான்.

இன்றைய முடக்குவாத சிகிச்சை வழிகாட்டுதல்கள் எல்லாவற்றுக்கும் உயிர்நாடி இதுதான் என்பேன். நெட்டில் தேடினால் எந்த மருந்து முதலில், எது அப்புறம் என்ற பட்டியல்தான் கண்ணில் படும். ஆனால் பட்டியலைவிடப் பெரிய விஷயம், இலக்கு ஒன்றை முன்கூட்டியே சொல்லி, அதை அளந்து, நாள் குறித்து, எட்டவில்லையென்றால் சிகிச்சையை மாற்றுவது. ஐரோப்பிய வாதநோய் மருத்துவர்களின் அமைப்பான யூலார் கெடுவைத் தெளிவாகவே சொல்கிறது: மூன்று மாதத்தில் முன்னேற்றம் தெரியவில்லை என்றாலோ, ஆறு மாதத்தில் இலக்கை எட்டவில்லை என்றாலோ மாற்ற வேண்டும்.

இவ்வளவு அவசரம் ஏன் என்று கேட்கலாம். முடக்குவாதத்தில் நம்முடைய நோய் எதிர்ப்பு மண்டலமே மூட்டின் உள்சவ்வைத் தாக்குகிறது. சவ்வு தடித்து வீங்கி, பக்கத்திலிருக்கும் குருத்தெலும்பையும் எலும்பின் ஓரத்தையும் அரிக்கத் தொடங்குகிறது. வீக்கத்தை மருந்தால் இறக்கிவிடலாம், அரித்துப்போன எலும்பு பழையபடி வளர்ந்து வராது. ஒரு காலத்தில் முதலில் வலி மாத்திரை கொடுத்து, சரிப்படாவிட்டால்தான் அடுத்த மருந்து என்று வருடக்கணக்கில் மெதுவாக ஏறினார்கள், அதற்குள் விரல்கள் கோணிவிடும். இப்போது அது தலைகீழாகிவிட்டது. மூட்டு வீங்கியவர் ஆறு வாரத்துக்குள் வாதநோய் நிபுணரிடம் போய்ச் சேர வேண்டும், நோயின் போக்கை மாற்றும் மருந்து மூன்று மாதத்துக்குள் ஆரம்பித்துவிட வேண்டும் என்கிறது யூலாரின் பரிந்துரை.

சரி, எண் எப்படி வருகிறது? அதிகம் பயன்படுவது டாஸ் 28 என்ற அளவு (டிகோராவின் 2.4 இதற்கு முந்தைய வேறொரு கணக்கு). தோள், முழங்கை, மணிக்கட்டு, முழங்கால் ஆகியவற்றில் இரண்டிரண்டு, அப்புறம் விரல்கள் உள்ளங்கையோடு சேரும் பத்து மூட்டு, விரல்களின் நடு மூட்டு பத்து, ஆக 28. டாக்டர் தன் பெருவிரலால் ஒவ்வொன்றையும் அமுக்குகிறார்; தன் நகத்துக்கு அடியில் ரத்தம் ஒதுங்கி வெளுக்கும் அளவுக்கு அழுத்தம் கொடுக்க வேண்டும் என்பதுதான் கணக்கு, அதற்குக் குறைந்தாலும் கூடினாலும் எண் மாறிவிடும். எத்தனை மூட்டு வலிக்கிறது, எத்தனை வீங்கியிருக்கிறது, உடம்பில் எவ்வளவு அழற்சி என்று காட்டும் ரத்தப் பரிசோதனைகளான ஈ.எஸ்.ஆர். அல்லது சி.ஆர்.பி. எவ்வளவு, ‘மொத்தத்தில் இப்போது எப்படி இருக்கிறீர்கள்’ என்று 0 முதல் 100 வரை நோயாளியே போடும் மதிப்பெண், இந்த நான்கையும் ஒரு சூத்திரத்தில் போட்டால் ஒரு எண் வரும். ஈ.எஸ்.ஆர். வைத்துப் போடும் கணக்கில் 5.1க்கு மேல் போனால் நோய் கடுமை, 2.6க்குக் கீழே வந்தால் அடங்கிய நிலை. பாத மூட்டுகள் இந்த 28இல் இல்லை, அது ஒரு பெரிய குறைதான் என்று நினைக்கிறேன். பாதம் வீங்கியிருந்தால் டாக்டர் கேட்காவிட்டாலும் நீங்களே செருப்பைக் கழற்றிக் காட்டிவிடுங்கள்.

முதல் மருந்து, பெரும்பாலும் எல்லா வழிகாட்டுதலிலும், மெத்தோட்ரெக்ஸேட். 1940களில் இதை உருவாக்கிய லெடர்லி ஆய்வுக்கூடத்தின் ஆராய்ச்சிக்குத் தலைமை தாங்கியவர் சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்த எல்லாப்பிரகட சுப்பாராவ். அன்று தேடியது ரத்தப் புற்றுநோய்க்கு மருந்து. அவர் 1948இல் இறந்துவிட்டார். அமெரிக்காவில் இது முடக்குவாதத்துக்கு அதிகாரபூர்வமாக அனுமதிக்கப்பட்டது 1988இல்தான். இதை வாரத்துக்கு ஒரே ஒரு நாள்தான் சாப்பிட வேண்டும். இதைத் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் வீட்டில் மற்ற மாத்திரைகளோடு சேர்த்துத் தினமும் எடுத்துக்கொண்டு, எலும்பு மஜ்ஜை ரத்த அணுக்களை உருவாக்க முடியாமல் ஒடுங்கி உயிர் போன சம்பவங்கள் பல நாடுகளில் பதிவாகியிருக்கின்றன. எந்தக் கிழமை என்று சீட்டில் எழுதித் தரச் சொல்லுங்கள். கூடவே ஃபோலிக் ஆசிட் மாத்திரை, குறிப்பிட்ட இடைவெளியில் ஈரலுக்கும் ரத்த அணுக்களுக்கும் பரிசோதனை. கர்ப்பத்துக்குத் திட்டமிடும் பெண்கள் முன்கூட்டியே டாக்டரிடம் சொல்லி இதை நிறுத்த வேண்டும்.

இந்த மருந்து முழுதாக வேலை செய்ய ஆறு முதல் பன்னிரண்டு வாரம் ஆகும். அதுவரை வலியை எப்படித் தாங்குவது? இங்கேதான் ஸ்டீராய்டு வருகிறது, இங்கேதான் நிபுணர்களுக்குள் கருத்து வேறுபாடும் வருகிறது. 1948இல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் ஃபிலிப் ஹென்ச்சும் சகாக்களும் முதல்முறையாக ஒரு முடக்குவாத நோயாளிக்கு கார்டிசோன் என்ற ஸ்டீராய்டு ஊசி போட்டார்கள், சில நாளில் படுக்கையிலிருந்தவர் எழுந்து நடந்தார், 1950இல் நோபல் பரிசே கிடைத்தது. அப்புறம்தான் விலை தெரிந்தது: எலும்பு தேய்வு, சர்க்கரை ஏற்றம், தொற்றுகள். யூலார் 2022இல் புதுப்பித்த பரிந்துரை, மருந்து தொடங்கும்போது கொஞ்ச காலத்துக்கு ஸ்டீராய்டு கொடுக்கலாம், எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம் குறைத்து நிறுத்திவிட வேண்டும் என்கிறது. அமெரிக்க வாதநோய்க் கல்லூரி என்ற மருத்துவர் அமைப்பு 2021இல் சொன்னது, முடிந்தால் அந்தக் குறுகிய காலத்துக்குக்கூட வேண்டாம். மூன்று மாதத்துக்கு மேல் கண்டிப்பாக வேண்டாம்.

ஒரே ஆய்வுகளைப் படித்தவர்கள் எப்படி வேறு வேறு முடிவுக்கு வந்தார்கள்? வழிகாட்டுதல் தயாராகும் விதத்தைப் பார்த்தால் புரியும். முதலில் கேள்விகளை வகுத்து, அதுவரை வந்த ஆய்வுகளை எல்லாம் தேடி எடுத்து, ஒவ்வொன்றும் எவ்வளவு நம்பகமானது என்று தரம் பிரிக்கிறார்கள். அப்புறம் மருத்துவர்களோடு நோயாளிகளும் உட்கார்ந்து ஓட்டுப் போடுகிறார்கள். யூலாரில் முதல் சுற்றில் 75 சதவீத ஆதரவு வேண்டும், அமெரிக்கர்களுக்கு 70. சான்று பலமாக இருந்தால் ‘வலுவான பரிந்துரை’, நன்மையும் கெடுதலும் கிட்டத்தட்டச் சமமாக இருந்தால் ‘நிபந்தனைக்குட்பட்ட பரிந்துரை’ என்று வெளிப்படையாக எழுதிவிடுகிறார்கள். குறுகிய கால ஸ்டீராய்டு வேண்டாம் என்று அமெரிக்கர்கள் சொன்னது இந்த இரண்டாவது வகை. ஆரம்பித்தவர்கள் பலரால் நிறுத்த முடிவதில்லை என்ற அனுபவத்துக்கு அவர்கள் அதிக எடை கொடுத்தார்கள், அவ்வளவுதான். இந்த வெளிப்படைத்தன்மையை நான் மிகவும் மதிக்கிறேன், ‘எங்கள் வைத்தியமே சரி’ என்று அடித்துப் பேசுகிறவர்களிடம் இதை எதிர்பார்க்க முடியாது.

புதுச் சான்று வந்தால் விதியும் மாறும். மெத்தோட்ரெக்ஸேட் போதாதபோது அடுத்து வரும் ஜேக் தடுப்பான்கள் என்ற மாத்திரைகளை (செல்லுக்குள் அழற்சியைத் தூண்டும் சைகையை அடைப்பவை) யூலார் 2019இல் ஊசி வடிவ உயிரியல் மருந்துகளுக்கு, அதாவது உயிருள்ள செல்களில் தயாராகும் புரத மருந்துகளுக்கு, சமமாக வைத்திருந்தது. பிறகு 50 வயது தாண்டி, இதய நோய்க்கான ஆபத்துக் காரணி ஒன்றாவது இருந்த 4362 பேரிடம் அந்த வகை மாத்திரையான டோஃபாசிடினிபை, டி.என்.எஃப். என்ற புரதத்தைத் தடுக்கும் உயிரியல் ஊசியோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள். மாரடைப்பு, பக்கவாதம் போன்றவை மாத்திரை எடுத்தவர்களில் 3.4 சதவீதம், அந்த ஊசி போட்டவர்களில் 2.5, புற்றுநோய் 4.2, அந்தப் பக்கம் 2.9. உடனே 2022இல் அந்தச் சமம் போய்விட்டது. வயது, புகைப்பழக்கம், இதயம், பழைய புற்றுநோய் எல்லாம் பார்த்த பிறகே கொடுக்கலாம் என்று மாற்றினார்கள்.

டி.என்.எஃப்.ஐத் தடுக்கும் ஊசிக்கு முன்னால் காசநோய்ப் பரிசோதனை கேட்பதும் இப்படி வந்ததுதான். உடம்புக்குள் உறங்கும் காசநோய்க் கிருமியைச் சுற்றி வளைத்து வைத்திருப்பதில் டி.என்.எஃப். என்ற புரதத்துக்குப் பெரிய பங்கு உண்டு. அதைத் தடுத்தால் கிருமி வெளியே வந்துவிடும். இந்த வகையைச் சேர்ந்த இன்ஃப்ளிக்ஸிமாப் ஊசி போட்ட 70 பேருக்குக் காசநோய் வந்ததை 2001இல் வெளியிட்டபோதுதான் இது உலகுக்குத் தெரிந்தது. இந்தியா போன்ற நாட்டில் அந்த எக்ஸ்ரேயையும் தோல் அல்லது ரத்தப் பரிசோதனையையும் காசு பிடுங்கும் வேலை என்று நினைத்துத் தட்டிக் கழிக்கவே கூடாது.

நோய் அடங்கிவிட்டது, மருந்தை விட்டுவிடலாமா? எல்லோரும் கேட்கும் கேள்வி இது. ஸ்டீராய்டு முழுதாக நின்று, குறைந்தது ஆறு மாதமாவது நோய் அடங்கியே இருந்தால் அளவைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்துப் பார்க்கலாம். ஒரேயடியாக நிறுத்தியவர்களில் பலருக்கு வீக்கம் திரும்பி வருகிறது, அளவை மட்டும் குறைத்தவர்களுக்கு அந்த ஆபத்து குறைவு. திரும்பினாலும் பழைய அளவுக்குப் போனால் பெரும்பாலானவர்களுக்கு மறுபடி அடங்கிவிடுகிறது. ஆனால் குறைக்கும் காலத்திலும் அதே 28 மூட்டுகளை எண்ணிக்கொண்டேதான் இருக்க வேண்டும்.