கல்யாணியில் வராத பேய்

அந்த ஆல்பத்தை முதன்முதலாகக் கேட்டபோது, கொடியில் கிடந்த துணியை எடுக்க முற்றத்துக்கு ஓடினேன். ஹெட்போனுக்குள் அப்படி ஒரு மழை, இடியோடு. தூரத்தில் சர்ச் மணி வேறு. தக்கலையில் ஆனி மாதத்தில் மழையும் மணியும் சேர்ந்து கேட்பது அன்றாட விஷயம் என்பதால் சந்தேகமே வரவில்லை. முற்றத்தில் பார்த்தால் சுள்ளென்று வெயில்.

பிளாக் சபாத் என்ற இங்கிலாந்து ராக் குழுவின் முதல் ஆல்பம் அப்படித்தான் தொடங்குகிறது. ஆல்பத்துக்கும் குழுவின் பெயரேதான். ஹெவி மெட்டல் இங்கிருந்துதான் கிளம்பியது என்று பலரும் சொல்வார்கள். எனக்குப் பிடிபடாமல் இருந்தது அந்த 'ஹெவி'. சத்தத்துக்கு ஏது எடை? உரக்க வாசிப்பதுதான் கனம் என்றால், வால்யூமைக் குறைத்ததும் கனமும் குறைய வேண்டும். குறையவில்லை. குழந்தை தூங்கும் வீட்டில் மெல்ல வைத்துக் கேட்டாலும் அந்த கிதார் கருங்கல்லை இழுத்து வருவது போலத்தான் இருக்கிறது.

இத்தனைக்கும் அந்தக் கிதாரில் இருந்தவை மெல்லிய கம்பிகள்.

கிதார் வாசித்தவர் டோனி அயோமி, பர்மிங்காம் நகரத்துக்காரர். 17 வயதில் தகடு வெட்டும் ஆலை ஒன்றில் வேலை பார்த்தார். வேலையை விட்டு நிற்கப் போகும் கடைசி நாளில், வலது கையின் நடுவிரல், மோதிர விரல் இரண்டின் நுனிகளும் இயந்திரத்தில் போயின. அவர் இடதுகைப் பழக்கக்காரர் என்பதால் கம்பியை அழுத்த வேண்டியது அந்த வலது கைதான். பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி விரலுக்குக் குப்பி செய்து, மேலே தோல் ஒட்டி மாட்டிக்கொண்டார். ஆனால் அந்தக் குப்பியை வைத்துத் தடித்த கம்பியை அழுத்துவது வேதனை.

வில்லுப்பாட்டு பார்த்தவர்களுக்கு இதன் இயற்பியலை விளக்கவே வேண்டாம். வில்லின் நாணை இறுக்க இறுக்கச் சுருதி ஏறும். அதே இறுக்கத்தில் நாண் தடிமனாக இருந்தால் சுருதி இறங்கும். ஆக, கம்பியின் நீளமும் சுருதியும் மாறக்கூடாது, இறுக்கம் மட்டும் குறைய வேண்டும் என்றால் வழி ஒன்றுதான்: இலேசான கம்பி. ஒரு மீட்டர் கம்பியின் எடையைப் பாதியாக்கினால் இழுவிசையும் பாதி போதும். அப்போது கிதாருக்கு அத்தனை மெல்லிய கம்பிகள் கடையில் எளிதாகக் கிடைக்கவில்லை. அயோமி, பாஞ்சோ என்ற வேறொரு தந்தி வாத்தியத்தின் கம்பிகளை வாங்கி மாட்டினார்.

பதிவு நாளில் இன்னொரு தற்செயல். முதல் பாட்டோடு அவருடைய ஃபெண்டர் ஸ்ட்ராட்டோகாஸ்டர் கிதாரின் பிக்கப், அதாவது கம்பியின் அதிர்வை மின்னலையாக்கும் பாகம், கெட்டுப்போனது. கையில் இருந்த கிப்சன் எஸ்ஜியில்தான் மிச்சத்தை வாசித்தார். ஸ்ட்ராட்டோகாஸ்டரின் கம்பி நீளம் 25.5 அங்குலம், எஸ்ஜியினுடையது சுமார் 24.75. தேவையான இழுவிசை நீளத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது. கணக்குப் போட்டால், அதே கம்பியை அதே சுருதிக்குக் கட்ட எஸ்ஜியில் சுமார் 6 சதவீதம் குறைந்த இழுவிசை போதும். அந்த விரல்களுக்கு அது சின்ன சலுகை.

சரி, மெல்லிய கம்பி, தளர்ந்த இழுவிசை. கனம் எங்கிருந்து வந்தது?

கோயில் கொடைக்கு மைக் செட்டு கட்டுபவரைக் கவனித்திருப்பீர்கள். சாமி வரும் நேரத்தில் வால்யூமை முழுக்கத் திருகுவார். புனல் ஸ்பீக்கர் கரகரக்கும். ஆம்ப்ளிஃபையரால் ஓர் எல்லை வரைதான் மின்னலையை உயர்த்த முடியும். அதற்கு மேல் கேட்டால் அலையின் உச்சியைக் கத்தியால் சீவியது போல் தட்டையாக்கிக் கொடுக்கும். சீவப்பட்ட அலையில், முதலில் இல்லாத புது அதிர்வெண்கள் முளைக்கின்றன. 98 ஹெர்ட்ஸ், அதாவது வினாடிக்கு 98 அதிர்வு, உள்ளே போனால் அதோடு 294, 490 என்று அதன் மடங்குகளும் வெளியே வரும். மைக் செட்டுக்காரருக்கு இது பழுது. அயோமி இதை வேண்டுமென்றே செய்தார். கிதாருக்கும் லேனி வால்வு ஆம்ப்ளிஃபையருக்கும் நடுவே, டிரெபிளை, அதாவது மேல் அதிர்வெண்களை, தூக்கிவிடும் சிறு பெட்டி ஒன்றை வைத்து வால்வுகளைத் திணறடித்தார்.

இதைவிட வேடிக்கை, இரண்டு சுரங்களைச் சேர்த்து மீட்டும்போது நடக்கிறது. கை காயத்தால் அயோமிக்குப் பல விரல்களைப் பரப்பிப் பிடிக்கும் கார்டுகள், அதாவது ஒரே நேரத்தில் ஒலிக்கும் சுரக்கூட்டுகள், கஷ்டம். சட்ஜமமும் (ஸ) பஞ்சமமும் (ப) மட்டும் சேர்ந்த பிடியை அதிகம் நம்பினார். 98 ஹெர்ட்ஸ் சட்ஜமம் என்றால் பஞ்சமம் 147. இரண்டும் ஒன்றாகச் சீவப்படும்போது அவற்றின் வித்தியாசமும் ஒரு சுரமாகப் பிறக்கிறது: 49 ஹெர்ட்ஸ். கிதாரின் தடித்த கம்பியைத் திறந்து மீட்டினாலே 82 ஹெர்ட்ஸ்தான். அதாவது அந்தக் கிதாரில் எந்தக் கம்பியாலும் தர முடியாத ஒரு கீழ்ச்சுரம் ஸ்பீக்கரிலிருந்து வருகிறது, அதுவும் வாசித்த சட்ஜமத்துக்குச் சரியாக ஒரு ஸ்தாயி, அதாவது பாதி அதிர்வெண், கீழே. நான் தேடிய எடையில் பெரும்பங்கு இதுதான் என்பேன். மிச்சத்தை கீசர் பட்லரின் பேஸ் கிதாரும் பில் வார்டின் டிரம்ஸும் சுமக்கின்றன.

பயத்துக்கு வருவோம். மழைக்குப் பிறகு வரும் அந்த மூன்று சுரம்: ஒரு சட்ஜமம், அதன் மேல் ஸ்தாயி, பிறகு நடுவில் ஒரு சுரம். அந்த நடுச்சுரத்தின் இடைவெளிக்கு மேற்கே 'சாத்தான் இடைவெளி' என்று பெயர். தேவாலயம் அதைத் தடை செய்திருந்தது என்று இணையம் முழுக்கக் கதை, தடைக்கு ஆதாரம் கிடையாது. நமக்கோ அது வெறும் பிரதி மத்யமம், 'ம' சுரத்தின் இரண்டு வடிவங்களில் மேலே இருப்பது. 72 மேளகர்த்தாக்களில், அதாவது தாய் ராகங்களில், சரிபாதி, 36 மேளங்களில், அதுதான் மத்யமம். கல்யாணி ராகத்தில் தினமும் பாடுகிறோம். அந்த இடைவெளியில் பேய் இருந்தால் சுசீந்திரம் கோயில் வாசலில் நாதஸ்வரக்காரர் கல்யாணி எடுத்ததும் கூட்டம் சிதறியிருக்க வேண்டும்.

ஆனாலும் ராக் பாட்டில் அது அச்சம் தருகிறது, எனக்கே. சட்ஜம பஞ்சமத்தின் விகிதம் 2:3, காது எளிதில் ஏற்கும். பிரதி மத்யமமோ ஏறக்குறைய 1.41 மடங்கு. எளிய விகிதத்தில் அடங்காததால் எங்கோ போக வேண்டிய சுரம் போல நிற்கும். கல்யாணியில் அது போகிறது. மேலே பஞ்சமம் பக்கத்து வீடு மாதிரி காத்திருக்கிறது, தம்பூரா வேறு விடாமல் நினைவூட்டுகிறது. இந்தப் பாட்டில் அது பஞ்சமத்தில் போய் உட்காராமல் நின்ற இடத்திலேயே நடுங்குகிறது. போதாததற்கு மெதுவான நடை, முன்னால் இடி மழை. ஒரே சுரத்துக்கு இரண்டு குடித்தனம்.

பதிவு நடந்தது 1969 அக்டோபர் 16, லண்டனில் ரீஜன்ட் சவுண்ட் ஸ்டுடியோவில், ரோட்ஜர் பெயின் தயாரிப்பில், ஏறத்தாழ 12 மணி நேரம். மேடையில் வாசித்துப் பழகியதை அப்படியே வாசித்துவிட்டு ஐரோப்பியக் கச்சேரிகளுக்குக் கிளம்பிவிட்டார்கள். மழையும் மணியும் பிற்பாடு சேர்த்தவை. நாடாவில் நான்கே தடங்கள்: இரும்பு ஆக்சைடு பூசிய ஒரே நாடாவில் பக்கம் பக்கமாக நான்கு ஒற்றையடிப் பாதைகள். டிரம்ஸ், பேஸ், கிதார், குரல் என்றாலே நிறைந்துவிடும். ஆகவே திருத்தங்களுக்கு இடம் சொற்பம்.

சேர்ந்து வாசிக்கும்போது டிரம்ஸ் ஒலி கிதார் மைக்கிலும் ஏறும். இந்தக் கசிவு பெரிய தொல்லை, ஒருவர் பிசகினால் அவரை மட்டும் தனியாகச் சரிசெய்ய முடியாது. இதில் நன்மையும் உண்டு. ஒலி ஒரு மீட்டர் கடக்க 3 மில்லிவினாடி. மூன்று மீட்டர் தள்ளியிருக்கும் மைக்கை அந்த டிரம் அடி 9 மில்லிவினாடி பிந்தி எட்டும். அவ்வளவு சிறிய தாமதத்தைக் காது தனி ஒலியாகப் பிரிக்காது, அதே அடி கொஞ்சம் பருத்ததாக எடுத்துக்கொள்ளும். ஓர் அறை இருக்கிறது, அதில் ஆட்கள் நிற்கிறார்கள் என்ற உணர்வு அப்படி வருகிறது.

ஆல்பம் 1970 பிப்ரவரி 13 அன்று, வெள்ளிக்கிழமை, வெளியானது. 13ஆம் தேதி வெள்ளி அங்கே அபசகுனம், கம்பெனி தெரிந்தேதான் செய்தது. ரோலிங் ஸ்டோன் பத்திரிகையில் லெஸ்டர் பேங்ஸ் கழுவி ஊற்றினார், மற்ற விமர்சகர்களும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. ஜனங்கள் வாங்கினார்கள்: பிரிட்டனில் 8ஆம் இடம், அமெரிக்காவில் 23. அதே பத்திரிகை 2003இல் தன் 500 சிறந்த ஆல்பங்களில் இதையும் சேர்த்துக்கொண்டது.

விமர்சகர்கள் செவிடர்கள் அல்ல. உளவியலாளர் ராபர்ட் ஸயான்ஸ் 1968இல் காட்டிய ஒன்று இங்கே பொருந்துகிறது: ஒரு விஷயம் திரும்பத் திரும்ப எதிர்ப்பட்டாலே அதன் மேல் பிடிப்பு கூடும். விமர்சகர் கெடுவுக்குள் ஓரிரு முறை கேட்டு எழுதுகிறார். பர்மிங்காம் பையன் காசு கொடுத்து வாங்கிய தட்டைத் தேயும் வரை போடுகிறான். இருவர் காதும் ஒன்றல்ல.

குலசேகரத்தில் இருக்கும் என் மருமகனும் அவன் கூட்டாளிகளும் இரண்டு வருடமாக முதல் ஆல்பம் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். லேப்டாப்பில் தடங்களுக்குப் பஞ்சமில்லை, அதனால் முடிவும் இல்லை. டிரம்ஸை மட்டும் மூன்று தடவை மாற்றியாகிவிட்டது. ஒரே நாள் கதையைச் சொன்னதும் அவன், "சும்மா கதை விடாதீங்க மாமா" என்றான். போன மாதம் ரப்பர் ஷீட் போட்டு வைக்கிற புரையை ஒதுக்கி, நாலு பேரும் ஒன்றாக நின்று வாசித்துப் பார்த்தார்கள். மூன்றாவது பாட்டில் மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரை. எல்லா மைக்கிலும் மழை. அதை அழிக்க முடியுமா என்று கேட்டு அனுப்பியிருக்கிறான், கசிவைப் பற்றி நான் சொன்னதைக் கேட்கவே இல்லை போலிருக்கிறது.