சொல் விளக்கம்: ‘இட்’

ஆங்கிலத்தில் ‘இட்’ என்பது நம் ‘அது’வுக்கு நேரான சுட்டுச்சொல். ஒருவரிடம் உள்ள இனம்புரியாத கவர்திறனுக்கும் அதுவே பெயரானது. ரட்யார்ட் கிப்ளிங்கின் ‘மிஸஸ் பாத்தர்ஸ்ட்’ (1904) சிறுகதையிலேயே இந்தப் பொருள் வந்துவிட்டது. அழகும் அல்ல, பேச்சுத்திறனும் அல்ல, அது வெறும் ‘இட்’ என்கிறது ஒரு பாத்திரம்.

ஊரறியச் செய்தது ஆங்கில எழுத்தாளர் எலினோர் கிளினின் எழுத்தைக் கொண்டு 1927இல் பாரமவுன்ட் வெளியிட்ட ‘இட்’ என்ற மௌனப்பட நகைச்சுவை. பெரிய கடையொன்றில் விற்பனைப் பெண் பெட்டி லூ (கிளாரா போ). அவள் ஆசைப்படுவதோ கடை முதலாளி சைரஸ் மீது. முதலாளியின் நண்பன் மான்டி பத்திரிகையில் ‘இட்’ பற்றிப் படித்துவிட்டு, அது தன்னிடம் இருக்கிறதா என்று முதலில் கண்ணாடியில் பார்க்கிறான். பிறகு கடையெங்கும் தேடி, கவுன்டரில் நிற்கும் இவளிடம் கண்டுகொள்கிறான். படத்தில் கிளினே தோன்றித் தரும் விளக்கம்தான் முக்கியம்: தன்னம்பிக்கை, பிறருக்குப் பிடிக்கிறதா என்று கவலைப்படாமை.

தமிழ்ச் சொல்லை இந்த இரண்டாவது குணத்தை வைத்தே தேர வேண்டும். ‘வசீகரம்’ பொருந்தாது; வசப்படுத்தும் செயல் அதன் வேரிலேயே இருக்கிறது. ‘கவர்ச்சி’ நல்ல சொல்தான், ஆனால் நம் சினிமாப் பத்திரிகைகள் அதை உடைக்குறைப்புக்கு ஒதுக்கிவிட்டன. ‘அவளிடம் அது இருக்கிறது’ என்று நேராகப் பெயர்த்தால் இடக்கராக ஒலிக்கும். ‘ஈர்ப்பு’ சரியாக நிற்கிறது. முயலாமலே இழுப்பது, ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது, உடலுக்கும் மனத்துக்கும் பொது. காந்தவிசை என்ற கிளினின் உருவகத்துக்கும் ஒத்துப்போகிறது.

‘இட்’ உள்ள பெண்ணைக் குறிக்கும் ‘இட் கேர்ள்’ என்பதற்கு மட்டும் கவனம் தேவை. கிளாரா போவைக் குறித்தால் ‘ஈர்ப்புடைய பெண்’ எனலாம். இன்றைய ஃபேஷன் பத்திரிகைகளில் அது பெரும்பாலும் புகழ் வெளிச்சத்தில் இருக்கும் இளம்பெண்ணைக் குறிப்பதால், ‘எல்லோரும் பேசும் பெண்’ என்பதே பொருந்தும்.

படத்துக்குத் தமிழ் வசனவரி எழுதுவோர் முதல் டைட்டில் கார்டிலேயே ‘இட் (ஈர்ப்பு)’ என்று இரண்டையும் தந்துவிட வேண்டும். முடிவில் காதலர் இருவரும் ‘இட்டோலா’ என்னும் உல்லாசப் படகின் நங்கூரத்தில் இணைகிறார்கள். ஆங்கிலத்தில் எழுதிய படகுப் பெயரின் முதல் இரண்டு எழுத்துகள், அதாவது ‘இட்’, அவர்கள் நடுவே தெரியும். ‘ஈர்ப்பு’ என்று மட்டும் படித்துவந்தவருக்கு அந்த நகைச்சுவை பிடிபடாது.