புச்சின் – காதலடிமை

இந்தோனேசிய இளைஞர்கள் சமூக ஊடகங்களில் அடிக்கடி எழுதும் சொல் ‘புச்சின்’. காதலி முகம் சுளித்தாள் என்பதற்காக நண்பர்களோடு போகவிருந்த பயணத்தை விட்டுவிடுகிறவன் புச்சின். காதலனுக்குப் பசிக்கிறதாம் என்று கொட்டும் மழையில் சாப்பாடு வாங்கிக்கொண்டு ஓடுகிறவளும் புச்சின்தான். 2020இல் இந்தப் பெயரிலேயே ஒரு திரைப்படமும் வந்தது.

‘புடாக் சின்தா’ என்ற இரண்டு சொற்களின் முதல் அசைகளை ஒட்டவைத்துப் பிறந்தது இது. புடாக் என்றால் அடிமை, சின்தா என்றால் காதல். இப்படி ஒட்டுவது அங்கே அரசாங்கத்துக்கே பழக்கம். பொதுத்தேர்தலைக் குறிக்கும் ‘பெமிலிஹான் உமும்’ சுருங்கி ‘பெமிலு’ ஆனது. இளைஞர்கள் அதே முறையில் ‘மாலாஸ் கெராக்’ என்பதை ‘மாகெர்’ ஆக்கிக்கொண்டார்கள். எழுந்து அசையவே சோம்பலாக இருக்கிறது என்று பொருள்.

மலேசியாவில் இருப்பவர்களுக்குப் புடாக் என்றதும் சின்னப் பிள்ளைதான் நினைவுக்கு வரும். மலாயில் அதுவே வழக்கு. இந்தோனேசியத்தில் அடிமை என்ற பொருளே நிலைத்தது. சின்தாவோ நமக்குத் தெரிந்த சொல். எண்ணம், கவலை என்று பொருள்படும் சமஸ்கிருதச் ‘சிந்தா’ அங்கே போய்க் காதலாகிவிட்டது. நம் சிந்தையும் சிந்தனையும் அதற்கு உறவு. ஒருவரையே நினைத்துக்கொண்டிருப்பதுதானே காதல்! இந்தப் பொருள்மாற்றம் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? பேச்சுவழக்கில் மிக நெருங்கி வருவது ‘பொண்டாட்டிதாசன்’. தாசன் என்றாலும் அடிமைதான், கேலியின் தொனியும் அப்படியே இருக்கிறது. ஆனால் அது கல்யாணமான ஆணுக்கு மட்டும். மனைவி சொற்படியே நடப்பதைப் பற்றிய, திருக்குறளின் 91ஆம் அதிகாரமான ‘பெண்வழிச்சேறல்’ பேசுவதும் ஆண்களைப் பற்றியே. அதில் கேலி இல்லை, கண்டிப்பு இருக்கிறது. ‘காதல்பித்து’ என்றும் சிலர் எழுதக்கூடும். எனக்கு அதில் உடன்பாடில்லை. பித்துப் பிடித்தவருக்குத் தன் நிலை தெரியாது. புச்சினுக்கு எல்லாம் தெரியும், தெரிந்தே பணிந்துபோகிறார். அதனால் ‘காதலடிமை’ என்பதே சரியான சொல். ஆண், பெண் இருவருக்கும் பொருந்தும். மூலத்தின் இரண்டு பாதிகளும் அதில் இருக்கின்றன.

‘ஙெபுச்சின்’ என்று ஜகார்த்தா பேச்சின் முன்னொட்டைச் சேர்த்து இதை வினையாகவும் ஆக்குவார்கள். அதைக் ‘காதலே கதியென்று கிடப்பது’ என்று எழுதலாம். அப்புறம், கொரியப் பாடகர்களின் ரசிகர்களும் தங்களைப் புச்சின் என்று சொல்லிக்கொள்கிறார்கள். அந்த இடத்தில் மட்டும் காதலடிமை வேண்டாம், ‘தீவிர ரசிகை’ என்றோ ‘தீவிர ரசிகன்’ என்றோ எழுதினால் போதும்.