ஜூனியருக்கு அதிகச் சம்பளம்: எதைக் கேட்கலாம், எப்போது கேட்க வேண்டும்

ஒரே வேலை, ஒரே ஃபைல், சம்பளச் சீட்டு மட்டும் வேறு. அரசு ஊழியர்களின் ஊதிய முரண்பாட்டுப் புகார்கள் இப்படித்தான் ஆரம்பிக்கின்றன. இவற்றில் இரண்டு வகை உண்டு. இரண்டையும் ஒரே மனுவில் குழப்பி எழுதினால் இழுத்தடிப்புதான் மிச்சம்.

முதல் வகை, ஒரே கேடரில், அதாவது ஒரே பணிப் பிரிவில், சீனியரைவிட ஜூனியர் அதிகம் வாங்குவது. மத்திய அரசில் இதற்கு விதியிலேயே வழி இருக்கிறது. 1.1.2016-க்கு முன் பதவி உயர்வு பெற்ற சீனியரைவிட, அந்தத் தேதியிலோ பிறகோ அதே பதவிக்கு வந்த ஜூனியர் அதிகம் வாங்கினால், ஜூனியர் உயர்வு பெற்ற நாளிலிருந்து சீனியரின் சம்பளத்தை அவருக்குச் சமமாக உயர்த்த வேண்டும் என்கின்றன 2016 ஊதியத் திருத்த விதிகள். ஆபீஸ் பாஷையில் இதுதான் ‘ஸ்டெப்பிங் அப்’. இருவரின் பழைய பதவியும் புதிய பதவியும் ஒன்றாக இருக்க வேண்டும். பழைய பதவியில் ஜூனியர் ஏற்கெனவே கூடுதலாக வாங்கியிருக்கக் கூடாது.

பலர் தடுக்கி விழும் இடம் எம்.ஏ.சி.பி. என்ற ஊதிய உயர்வுத் திட்டம். பதவி உயர்வு இல்லாமலே 10, 20, 30 ஆண்டுகளில் கிடைக்கும் அந்த உயர்வு அவரவருக்கான தனிப்பட்ட பலன். அதனால் ஜூனியர் முந்திவிட்டார் என்று சீனியர் சமன் கேட்க முடியாது என்று அந்தத் திட்டமே சொல்லிவிட்டது. ஜூனியர் தற்காலிகமாக மேல்பதவியில் வேலை பார்த்து முன்கூட்டியே இன்கிரிமென்ட் வாங்கியிருந்தாலும் பதில் அதுதான். மனு போடுவதற்கு முன் வித்தியாசம் எந்த ஆர்டரால் வந்தது என்று தேடுங்கள்.

இரண்டாவது வகை கடினமானது: வேறு துறையில் இதே வேலை பார்ப்பவருக்கு இணையான ஊதியம். 1982-இல் ரண்தீர் சிங் வழக்கில், டெல்லி போலீஸில் டிரைவராக இருந்த ஒரு கான்ஸ்டபிள் மற்ற அரசு டிரைவர்களுக்கு இணையான சம்பளம் கேட்டு உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்தார். ‘சம வேலைக்குச் சம ஊதியம்’ அடிப்படை உரிமைகளின் பட்டியலில் நேரடியாக இல்லை. அது 39(டி) பிரிவின் வழிகாட்டு நெறி. 14, 16-ஆம் பிரிவுகளோடு சேர்த்துப் படித்தால் அதை உரிமையாகவே கேட்கலாம் என்றது நீதிமன்றம். 2016-இல் ஜக்ஜீத் சிங் வழக்கில், நிரந்தர ஊழியரின் அதே வேலையைச் செய்யும் தினக்கூலி, ஒப்பந்த ஊழியர்களுக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் உள்ள குறைந்தபட்சத் தொகை உண்டு என்று தீர்ப்பு வந்தது. இன்கிரிமென்ட்டும் சேர்த்து முழுச் சம்பளமும் கிடைக்கும் என்று சிலர் சொல்வது தவறு.

இதில் நிரூபிக்கும் பொறுப்பு முழுக்க ஊழியருடையது. பதவிப் பெயர் ஒன்றாக இருப்பது போதாது. கல்வித் தகுதி, ஆள் எடுக்கும் முறை, பொறுப்பு, யாருக்குப் பதில் சொல்கிறார் என்பது வரை பார்ப்பார்கள். இரண்டு பதவிகளின் பணி விதிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வரிக்கு வரி எழுதிய ஒரு தாள், பத்துப் பக்கப் புலம்பலைவிட வேலை செய்யும். அந்த விவரங்களுக்குத் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது. ஊழியர்களின் மாத ஊதியத்தை அலுவலகங்கள் தாமாகவே வெளியிட வேண்டும் என்று அதன் 4-ஆவது பிரிவு சொல்கிறது.

இனி காலக்கெடு. பணம் போவது இங்கேதான். தவறான ஊதிய நிர்ணயம் மாதாமாதம் தொடரும் தவறு என்பதால் தாமதமாக வந்தாலும் வழக்கு பொதுவாக நிற்கும். ஆனால் 2008-ஆம் ஆண்டின் தர்செம் சிங் தீர்ப்புப்படி, நிலுவை பொதுவாக வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்குத்தான். 2014-இல் தொடங்கிய குறைவுக்கு 2024-இல் வழக்குப் போட்டால் அரியர் 2021-இலிருந்துதான். நடுவில் போன 7 ஆண்டுகள் போனதுதான். வருஷத்துக்கொரு நினைவூட்டல் அனுப்பிக்கொண்டே இருந்தால் கெடு நீளும் என்று நம்புகிறவர்கள் நிறைய. நீளாது.

மத்திய அரசு ஊழியர் முதலில் துறைக்கு மனு கொடுக்க வேண்டும். பதில் பாதகமாக வந்தாலோ, 6 மாதம் பதிலே வராவிட்டாலோ, அதிலிருந்து ஓராண்டுக்குள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். அங்கே தோற்றால் உயர் நீதிமன்றம். தமிழ்நாட்டு அரசு ஊழியருக்குத் தனித் தீர்ப்பாயம் இல்லை, நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான். எங்கே போனாலும் முதல் மனுவைக் கொடுத்ததற்கான ஒப்புகையைக் கேட்பார்கள். நகலில் தேதியோடு சீல் வாங்காமல் கவுன்டரை விட்டு நகராதீர்கள்.